ஷட்டர் கத்துதா? எண்ணெய் ஊத்துறதுக்கு முன்னாடி கொஞ்சம் காது கொடுங்க

(ஒலிவடிவில் வந்த பகுதியின் எழுத்து வடிவம். படிக்க வசதியாகச் சில இடங்களைச் சுருக்கியிருக்கிறோம்; பேச்சு நடையை அப்படியே விட்டிருக்கிறோம்.)

இந்த வாரம் கோடிங் கிடையாது, ஏஐ கிடையாது, அப்ரைசல்ல எப்படிப் பேசணும்னும் கிடையாது. இந்த வாரம் ஷட்டர். கடை வாசல்லயும் கார் ஷெட்லயும் இருக்குமே, காலையில மேல தூக்கினா தெருவையே எழுப்பி விடுமே, அந்த ரோலிங் ஷட்டர். அது ஏன் கத்துது, வீட்டுல நாமளே எவ்வளவு தூரம் சரி பண்ணலாம், எந்த இடத்துல கையை எடுத்துட்டு மெக்கானிக்கைக் கூப்பிடணும். இந்த மூணு கேள்விதான்.

புதுசா கேக்குறவங்களுக்கு ஒரு வரி அறிமுகம். படிச்சது மெக்கானிக்கல், சோறு போடுறது சாஃப்ட்வேர். ஊர் பிள்ளைப்பாக்கம். ஸ்ரீபெரும்புதூருக்கும் ஒரகடத்துக்கும் நடுவுல இருக்கிற தொழிற்சாலைப் பட்டைக்குள்ள வர்ற ஊர். சிப்காட் பூங்கா ஒண்ணு எங்க ஊர் பேர்லயே இருக்கு.

ஷட்டர் ஏன் எங்க ஊர்ப் பிரச்சினை

இந்தப் பக்கம் வீடு கட்டுறதுக்குன்னு ஒரு பாணி வந்துடுச்சு. 1996-ல ஹூண்டாய் இருங்காட்டுக்கோட்டைக்கு வந்தது. 2006-ல நோக்கியா ஸ்ரீபெரும்புதூர்ல போன் செய்ய ஆரம்பிச்சது. 2010-ல ஒரகடத்துல ரெனோ-நிசான் ஆலை திறந்தாங்க. நோக்கியா 2014-ல மூடிட்டுப் போனாலும் பட்டை நிக்கல, வளர்ந்துட்டேதான் இருக்கு. வேலைக்கு வர்றவங்களுக்குத் தங்க இடம் வேணும். அதனால சொந்தமா நிலம் இருக்கிறவங்க என்ன பண்ணினாங்க? கீழ ரெண்டு கடை, கடைக்கு ஷட்டர். மேல வரிசையா ரூம். கீழ டீக்கடைக்கோ மளிகைக்கோ வாடகை, மேல ஷிப்டுக்குப் போற பசங்களுக்கு வாடகை. எங்க வீடும் அதே கணக்குதான்.

இப்ப யோசிச்சுப் பாருங்க. நைட் ஷிப்ட் முடிஞ்சு கம்பெனி பஸ்ல வந்து இறங்கி, குளிச்சு, ரெண்டு இட்லி சாப்பிட்டுப் படுக்கும்போது மணி எட்டு ஆகுது. கண்ணு சொக்குற நேரத்துல கீழ மளிகைக் கடை ஷட்டர் 'க்ரீ...ச்'சுன்னு மேல போகுது. மதியம் ஒரு மணிக்கு சாப்பாட்டுக்கு மூடும்போது இன்னொரு தடவை, நாலு மணிக்குத் திறக்கும்போது மறுபடி. எட்டு மணி நேரத் தூக்கம் மூணு துண்டாப் போயிடுது. அதே ஆள் அன்னிக்கு ராத்திரி பிரஸ் மெஷின் முன்னாடி நிக்கணும். தூக்கம் இல்லாதவன் கை பிரஸ் பக்கத்துல இருக்கிறது என்ன மாதிரி விஷயம்னு நான் சொல்லணுமா?

சட்டம் என்ன சொல்லுதுன்னு பாத்தா, 2000-ஆம் வருஷத்து ஒலி மாசு விதிகள் இருக்கு. குடியிருப்புப் பகுதியில சராசரி ஒலி அளவு பகல்ல 55 டெசிபல், ராத்திரியில 45 டெசிபலுக்குள்ள இருக்கணும்னு சொல்லுது. ராத்திரின்னா பத்து மணியிலிருந்து காலை ஆறு மணி வரை. அந்தக் கணக்குல, காலையில எட்டு மணிக்குப் படுக்கிறவனுக்கு ராத்திரின்னு ஒண்ணு கிடையவே கிடையாது. அவன் வீட்டு ஓனர்கிட்டப் போய் "அண்ணா, ஷட்டர் சத்தம் தாங்கல"ன்னு சொல்லவும் மாட்டான். ஒடிசாவுலருந்தோ திருவண்ணாமலையிலருந்தோ வந்து அட்வான்ஸ் கொடுத்துத் தங்கியிருக்கிறவன், எதுக்கு வம்புன்னு போர்வையை இழுத்துப் போத்திக்குவான். அதனால இது ஷட்டர் யாரோடதோ அவங்களாப் பாத்துப் பண்ண வேண்டிய வேலை.

இன்னிக்குப் பேசப் போற மொத்தத்துக்கும் ஒரே வரி: சத்தம்ங்கிறது ஷட்டர் நமக்கு அனுப்புற தகவல். என்ன சொல்லுதுன்னு புரிஞ்சுக்காம எண்ணெயை ஊத்தி வாயை அடைக்கக் கூடாது.

உள்ள என்ன இருக்கு

நம்ம ஊர்ல வீட்டுலயும் சின்னக் கடையிலயும் பெரும்பாலும் இருக்கிறது கையால தூக்கி இறக்குற வகை. அதுல அஞ்சு உறுப்பு தெரிஞ்சாப் போதும்.

முதல்ல தகடு. மெக்கானிக்குங்க 'லாத்'னு சொல்லுவாங்க. மூணு அங்குல அகலத்துல, லேசா வளைஞ்ச இரும்புப் பட்டைகள். ஒரு பட்டையோட ஓரம் அடுத்த பட்டையோட ஓரத்துல கொக்கி மாதிரி மாட்டியிருக்கும். அதனாலதான் மொத்தமா பாய் மாதிரி சுருள முடியுது. சுமார் மூன்றரை மீட்டர் அகலம் வரைக்கும் தகடு 0.9 மில்லிமீட்டர் கனமாவது இருக்கணும்னு அரசுக் கட்டுமான விவரக்குறிப்பு சொல்லுது. ரோலிங் ஷட்டருக்குன்னே ஐஎஸ் 6248-ன்னு ஒரு இந்தியத் தரநிர்ணயமும் இருக்கு.

ரெண்டாவது கைடு. ரெண்டு பக்கச் சுவத்துலயும் செங்குத்தா நிக்கிற 'ப' வடிவச் சேனல். தகட்டோட ஓரம் இதுக்குள்ளதான் ஓடும்.

மூணாவது மேல இருக்கிற பைப். ஷட்டர் சுருளுறது இது மேலதான். ரெண்டு முனையிலயும் பிராக்கெட் தாங்கியிருக்கும். பெரிய ஷட்டர்னா அங்க பால் பேரிங் இருக்கும், சின்னதுல இரும்பு மேல இரும்பு உரசிட்டு ஓடும்.

நாலாவது ஸ்பிரிங். பைப்போட சேர்ந்து மேல பெட்டிக்குள்ள ஒளிஞ்சிருக்கும். ஷட்டர் எடையைத் தாங்குறது உங்க கை இல்ல, இதுதான். இதைப் பத்தித் தனியாப் பேசணும்.

அஞ்சாவது அடிப்பட்டை. கைப்பிடியும் பூட்டுத் தாழ்ப்பாளும் இருக்கிற கடைசிப் பட்டை.

எங்க தாத்தா காலத்துக் கடைகள்ல ஷட்டரே கிடையாது. பலகைக் கதவு. ஒவ்வொரு பலகையிலயும் நம்பர் போட்டிருக்கும், வரிசையா மேலயும் கீழயும் இருக்கிற காடியில நுழைச்சு நிறுத்தணும். நேரம் ஆகும், ஆனா கத்தாது. ஒரே இழுப்புல மூடுற வசதிக்கு நாம கொடுக்கிற விலைதான் இந்தச் சத்தம். இத்தனை மூட்டு இருக்கிற ஒரு பொருள் அசையும்போது எங்கயாவது ஒரு மூட்டு முனகத்தான் செய்யும்.

கீச்சுன்னு ஏன் கேக்குது

ஒரு எவர்சில்வர் தட்டை நல்லாக் கழுவிட்டு, ஈர விரலால அழுத்தித் தேய்ச்சுப் பாருங்க. கீச்சுன்னு கேக்கும். அதே தட்டுல ஒரு சொட்டு எண்ணெய் விட்டுட்டுத் தேய்ச்சா சத்தமே வராது. மொத்த விஷயமும் இந்தத் தட்டுலயே இருக்கு.

ரெண்டு பரப்பு ஒண்ணு மேல ஒண்ணு நிக்கும்போது இருக்கிற உராய்வு வேற, நகரும்போது இருக்கிற உராய்வு வேற. நிக்கும்போது அதிகம், நகர ஆரம்பிச்சதும் குறைவு. ஷட்டரை நீங்க தூக்கும்போது தகட்டு ஓரம் கைடுல ஒட்டி நிக்குது. உங்க இழுப்பு ஏற ஏற தகடு லேசா வளைஞ்சு, ஒரு கட்டத்துல பிச்சுக்கிட்டு வழுக்குது. வழுக்கினதும் அழுத்தம் குறையுது, உடனே மறுபடி ஒட்டிக்குது. ஒட்டல், வழுக்கல், ஒட்டல், வழுக்கல். இது ஒரு நொடியில நூத்துக்கணக்கான தடவை நடந்தா காதுக்கு அது கீச்சு. மெல்லிசான பெரிய தகடுங்கிறதால ஸ்பீக்கர் மாதிரி சத்தத்தைப் பெருக்கியும் கொடுக்குது.

வயலின் வாசிக்கிறவங்க வில்லுக்கு ரோசின் தேய்ப்பாங்க, பாத்திருப்பீங்க. அவங்களுக்கு அந்த ஒட்டல்-வழுக்கல் வேணும், அதனால ஒட்ட வைக்கிறாங்க. நமக்கு வேணாம், அதனால வழுக்க வைக்கிறோம். பூமிக்கு அடியில பாறைத் தட்டுகள் உரசும்போது நடக்கிறதும் இதே ஒட்டல்-வழுக்கல்தான், நிலநடுக்கத்துக்கு இது காரணமா இருக்கலாம்னு 1966-ல பிரேஸ், பயர்லின்னு ரெண்டு பேர் எழுதினாங்க. அதே 1966-லதான் பிரிட்டன்ல பீட்டர் ஜோஸ்ட் தலைமையில ஒரு குழு, உராய்வாலயும் தேய்மானத்தாலயும் நாட்டுக்கு எவ்வளவு பணம் வீணாகுதுன்னு அறிக்கை கொடுத்து, இந்தத் துறைக்கு 'டிரைபாலஜி'ன்னு பேரும் வெச்சது. ஆக, உங்க வீட்டு ஷட்டர் கத்துறது ஒரு தனித்துறை விஷயம். தைரியமாப் பேசலாம்.

எந்தச் சத்தம் எங்கருந்து வருது

ரெண்டு பேர் வேணும். ஒருத்தர் ஷட்டரை மெதுவா, ரொம்ப மெதுவாத் தூக்கி இறக்கணும். இன்னொருத்தர் பக்கத்துல நின்னு கேக்கணும். போன்ல வீடியோ எடுத்துட்டா இன்னும் நல்லது, பின்னாடி நிறுத்தி நிறுத்திப் பாக்கலாம்.

ஓரத்துலருந்து, ஒரே மாதிரி நீளமாக் கீச்சுன்னு வந்தா கைடு காய்ஞ்சு போயிருக்கு. சுலபமான வேலை.

கரகரன்னு மணல் அரைக்கிற மாதிரி வந்தா கைடுக்குள்ள தூசி சேர்ந்திருக்கு. எங்க ஊர்ல இதுதான் அதிகம். டிரெய்லர் லாரி போற ரோட்டை ஒட்டி இருக்கிற கடையோட கைடுக்குள்ள விரலை விட்டுப் பாருங்க, கறுப்பா ஒரு பசை வரும். பழைய கிரீஸும் ரோட்டுப் புழுதியும் கலந்தது. அது வழுக்க வைக்காது, அரைக்கும்.

குறிப்பிட்ட ஒரே உயரத்துல மட்டும் சத்தம் வந்து, லேசாத் திணறவும் செஞ்சா, அந்த இடத்துல கைடு நசுங்கியிருக்கு இல்ல ஒரு தகடு வளைஞ்சிருக்கு. பைக்கை ரிவர்ஸ் எடுக்கும்போது இடிச்சதா இருக்கலாம். இதுக்கு எண்ணெய் மருந்து இல்ல.

ஒரு பக்கத்துல மட்டும் உரசினா தகடுகள்ல ஏதோ ஒண்ணு பக்கவாட்டுல நகர்ந்து வந்திருக்கு. தகட்டோட முனையில நகராம இருக்க ஒரு கிளிப் அடிச்சிருப்பாங்க. அது விழுந்துட்டா தகடு மெல்ல மெல்ல ஒரு பக்கமா நழுவி கைடோட அடிமடியில போய் இடிக்கும்.

மேல பெட்டிக்குள்ளருந்து முனகல் மாதிரி வந்தா பைப் முனையோ பேரிங்கோ. 'டங்'குன்னு திடீர்னு ஒரு அடி கேட்டா ஸ்பிரிங். அங்க நிறுத்திடுங்க.

இன்னும் ஒண்ணு. காலையில சும்மா இருந்துட்டு மதியம் மட்டும் கத்துதுன்னா அது பேய் இல்ல, வெயில். இரும்பு ஒரு மீட்டருக்கு, ஒரு டிகிரி செல்சியஸுக்கு சுமார் 0.012 மில்லிமீட்டர் நீளும். மேற்குப் பாத்த மூணு மீட்டர் ஷட்டர் முப்பது டிகிரி சூடானா ஒரு மில்லிமீட்டர் அகலமாயிடும். கைடுல இடைவெளி சரியா இருந்தா இது தெரியவே தெரியாது. தெரியுதுன்னா கைடு ஏற்கனவே இறுக்கமா இருக்குன்னு அர்த்தம். தூக்குக்குண்டு கட்டி கைடு நேரா நிக்குதான்னு பாருங்க. புது மண்ணுல கட்டின கட்டடம் லேசா இறங்கினாக் கூட கைடு சாயும்.

சுத்தம் முதல்ல, எண்ணெய் கடைசியில

சரி, கைடுதான் பிரச்சினைன்னு வெச்சுக்குவோம். பத்துல எட்டு வீட்டுல அதுதான்னு எங்க ஷட்டர் மெக்கானிக் அண்ணன் சொல்லுவார். எங்க வீட்டுல நான் செஞ்ச வரிசையைச் சொல்றேன். ஞாயித்துக்கிழமை மதியம், ஒண்ணரை மணி நேர வேலை.

ஏணி போடுறதுக்கு முன்னாடி மெயின் சுவிட்சை அணைச்சிடுங்க. நம்ம கடைகள்ல ஷட்டர் பெட்டிக்கு மேலதான் பேர்ப்பலகை, அதுக்கு லைட்டு, அதுக்கு எங்கருந்தோ இழுத்த வயர் எல்லாம் இருக்கும். தகடு அதுல உரசி வயர் தோல் உரிஞ்சிருந்தா மொத்த ஷட்டரும் மின்சாரம் பாயுற இரும்பு.

ஷட்டரை முழுசா இறக்கிடுங்க. பாதியில நிறுத்தி வேலை செய்யாதீங்க. கைடோட உள்பக்கத்தை முதல்ல காய்ஞ்ச பிரஷ்ஷால மேலருந்து கீழ வரைக்கும் தட்டி எடுங்க. அப்புறம் பழைய பனியன் துணியில மண்ணெண்ணெயோ டர்பன்டைனோ தொட்டு, ஒரு மெல்லிய மரச் சட்டத்துல சுத்தி, கைடுக்குள்ள விட்டு இழுங்க. துணி கறுப்பா வர்றது நிக்கிற வரைக்கும் இதைப் பண்ணணும். பக்கத்துல டீக்கடை அடுப்பு எரிஞ்சா அணைக்கச் சொல்லுங்க, பீடி சிகரெட் கிட்டவே வரக் கூடாது. துரு இருக்கிற இடத்தை உப்புத்தாளால லேசாத் தேய்ச்சுத் துடைச்சிடுங்க. கையில கிளவுஸ் கட்டாயம், தகட்டு ஓரம் பிளேடு மாதிரி.

அப்புறம் ஷட்டரை முழுசா மேல ஏத்திட்டு, அது வரைக்கும் தகடு மறைச்சிருந்த பக்கத்தையும் துடைங்க. நல்லாக் காயட்டும். இவ்வளவு பண்ணினாலே பாதிச் சத்தம் போயிடும்.

இப்பதான் எண்ணெய்க் கேள்வி. என்ன போடணும்?

வீட்டுல எல்லாரும் முதல்ல எடுக்கிறது தேங்காய் எண்ணெய். போட்ட அன்னிக்கு நல்லா ஓடும். ஆனா தேங்காய் எண்ணெய் 24, 25 டிகிரிக்குக் கீழ உறைய ஆரம்பிச்சிடும். மார்கழிக் காலையில பாட்டில்ல வெள்ளையா நிக்குதே, அதே மாதிரிதான் கைடுக்குள்ளயும் நிக்கும். மத்த நாள்ல புழுதியை வாங்கி வெச்சுக்கும். எறும்பும் வரும்.

அடுத்தது அந்த நீல மஞ்சள் டப்பா, டபிள்யூடி-40. இது 1953-ல அமெரிக்காவுல சான் டியேகோவுல உருவானது. பேருக்கு அர்த்தமே 'தண்ணியை விலக்குறது, நாற்பதாவது முயற்சி'. அட்லஸ் ஏவுகணையோட வெளித்தோல் துருப்பிடிக்காம இருக்கப் பயன்படுத்தினாங்க. அதாவது அது ஈரத்தை விரட்ட, துருவை இளக்க, பிசுக்கைக் கரைக்கச் செஞ்சது. அதுல பெரும்பகுதி ஆவியாப் போற கரைப்பான், மிச்சம் நிக்கிறது மெல்லிசான ஒரு எண்ணெய்ப் படலம். சுத்தம் பண்ண அருமை. ஆனா அதையே போட்டுட்டு விட்டா நாலு வாரத்துல மறுபடி கத்தும். அடிச்சுத் துடைச்சிடுங்க, அதுக்கு மேல வேற ஏதாவது போடுங்க. தீப்பிடிக்கிற ஸ்பிரே, அதுவும் ஞாபகம் இருக்கட்டும்.

கிரீஸ்? பைப் முனைக்கும் பேரிங்குக்கும் கிரீஸ்தான் சரி, ஏன்னா அது மூடின இடம், எடையைத் தாங்குற இடம். கைடு திறந்த இடம். ரோட்டைப் பாத்த கைடுல கிரீஸ் அப்பினா அது புழுதி பிடிக்கிற பொறி. மூணு மாசத்துல மறுபடி அதே கறுப்புப் பசை.

கைடுக்கு நல்லது காய்ஞ்ச வழுக்கல். கார் பாகங்கள் விக்கிற கடையில சிலிக்கான் ஸ்பிரே கிடைக்கும், அதை மெல்லிசா அடிக்கலாம். அது இல்லன்னா பத்து ரூபா மெழுகுவர்த்தி ஒண்ணு வாங்கி கைடோட உள்சுவத்துல மேலயும் கீழயும் நல்லாத் தேய்ச்சு விடுங்க. மெழுகு புழுதியை அவ்வளவாப் பிடிக்காது, உறையுற பிரச்சினையும் இல்ல, அது ஏற்கனவே உறைஞ்சதுதான். பூட்டுத் துவாரத்துக்கு எண்ணெய் வேணாம், பென்சில் முனையைச் சீவின தூள் கொஞ்சம் போதும், அது கிராஃபைட்.

மெழுகு, கரி எல்லாம் ஏதோ நாட்டு வைத்தியம்னு நினைக்காதீங்க. மாட்டு வண்டி அச்சுக்கு நம்ம ஊர்ல விளக்கெண்ணெயில வைக்கோல் கரியைக் குழைச்சு வண்டி மை போட்டாங்க. பிசுபிசுன்னு இரும்பை விட்டுப் போகாத எண்ணெய், கூட கரித்தூள். அதே விளக்கெண்ணெய்தான், ஆங்கிலத்துல கேஸ்டர் ஆயில், 1909-ல சார்லஸ் வேக்ஃபீல்டு கம்பெனி இன்ஜின் ஆயில்ல சேர்த்து, அதுலருந்தே 'கேஸ்ட்ரால்'னு பேரும் எடுத்தது. இடத்துக்குத் தக்க வழுக்கல்னு வண்டிக்காரருக்குத் தெரிஞ்சிருந்தது. நாமதான் எல்லாத்துக்கும் ஒரே டப்பாவை எடுக்கிறோம்.

கடைசியா, ஷட்டரைப் பத்துத் தடவை மெதுவா ஏத்தி இறக்குங்க. வழிஞ்சதைத் துடைச்சிடுங்க. தகடும் தகடும் சேருற மூட்டுல சத்தம் இருந்தா, இறக்கும்போது அந்த மூட்டுல மட்டும் லேசா ஸ்பிரே.

ஸ்பிரிங்: இங்க கை வைக்காதீங்க

இந்தப் பகுதியைத் தள்ளிட்டுப் போகாதீங்க.

பத்தடி அகலம், எட்டடி உயரம் ஒரு ஷட்டர். 0.9 மில்லிமீட்டர் தகட்டைத் தட்டையா விரிச்சாலே 50 கிலோ தாண்டும். வளைவு, மடிப்பு, அடிப்பட்டை எல்லாம் சேர்த்தா 70 கிலோவைத் தொடும். அதை ஒரு பாட்டி ஒத்தைக் கையால தூக்குறாங்கன்னா, மிச்ச எடையை யாரோ தூக்குறாங்கன்னுதானே அர்த்தம்? அந்த யாரோதான் ஸ்பிரிங். ஷட்டர் கீழ வர வர அது முறுக்கிக்குது. முழுசா மூடியிருக்கும்போது அதுக்குள்ள இருக்கிற ஆற்றலைக் கணக்குப் போட்டா சுமார் 800 ஜூல் வருது. ஒரு சிமெண்ட் மூட்டையை ஆள் உயரத்துலருந்து போட்டா தரையில என்ன அடி விழுமோ அவ்வளவு. அது உங்க மூஞ்சிக்கு நேரா, ஏணி மேல நிக்கும்போது.

"ஷட்டரை மேல ஏத்திட்டா ஸ்பிரிங் தளர்ந்துடுமே"ன்னு சிலர் நினைக்கிறாங்க. இல்ல. மாட்டும்போதே சில சுத்து முறுக்கித்தான் மாட்டுவாங்க. ஷட்டர் மேல இருந்தாலும் அந்த முறுக்கு அப்படியே உள்ள இருக்கும். பிராக்கெட் போல்ட்டைக் கழட்டினா பைப் சட்டுன்னு சுத்தும், கையில இருக்கிற ரெஞ்சும் கூடச் சுத்தும். ஷட்டர் வேலை பாக்குறவங்க கையைப் பாத்தீங்கன்னா, விரல் நசுங்கின தழும்பு ஒண்ணாவது இருக்கும். பல வருஷம் பழகின கைக்கே அந்தக் கதி.

நீங்க பண்ணக் கூடியது ஒரே ஒரு சோதனை. கீழ ரெண்டு பக்கமும் ரெண்டு செங்கல் வைங்க, காலைத் தள்ளி வைங்க, குழந்தைங்களைத் தள்ளி நிறுத்துங்க. ஷட்டரை இடுப்பு உயரத்துக்குத் தூக்கி, கையை மெதுவாத் தளர்த்திப் பாருங்க. அங்கயே நின்னா ஸ்பிரிங் சரி. கீழ விழப் பாத்தா ஸ்பிரிங் தளர்ந்திருக்கு இல்ல ஒண்ணு உடைஞ்சிருக்கு. மேல தானாப் பாய்ஞ்சா முறுக்கு அதிகம். நிக்கலைன்னா மெக்கானிக்கைக் கூப்பிடுங்க. அவர் கேக்குற கூலி உங்க விரலை விடக் குறைவுதான். அவர் வர்ற வரைக்கும் யாரும் அதுக்கு அடியில குனிஞ்சு நுழையக் கூடாது, பாதி திறந்து வெச்சு வியாபாரமும் பண்ணக் கூடாது.

சத்தம் ஒரு தகவல்னு ஆரம்பத்துலயே சொன்னது இதுக்குத்தான். தளர்ந்த ஸ்பிரிங் இருக்கிற ஷட்டருக்கு எண்ணெய் போட்டா என்ன ஆகும்? உராய்வு குறையும். உராய்வுதான் அது வரைக்கும் அதை விழாமப் பிடிச்சு வெச்சிருந்துச்சு. சத்தம் போயிடும், ஷட்டர் சத்தமில்லாம விழும். அதனால வரிசை முக்கியம். முதல்ல ஸ்பிரிங் சோதனை, அப்புறம் சுத்தம், அப்புறம் வழுக்கல்.

இன்னொரு விஷயம். எங்க பக்கம் காலியா இருக்கிற கடையையே ரூமா மாத்தி ஆளுங்களைத் தங்க வைக்கிறது நடக்குது. ஷட்டரைத் தவிர வெளிய வர வேற வழி இல்லாத ரூம். அங்க ஷட்டர் திணறுதுன்னா அது சத்தப் பிரச்சினை இல்ல, தீப்பிடிச்சா உயிர்ப் பிரச்சினை. வேற கதவு இல்லாத கடையில யாரையும் தூங்க வைக்காதீங்க. இப்ப ஏற்கனவே யாராவது தங்கியிருந்தா, இன்னிக்கே அந்த ஷட்டர் உள்ளருந்து ஒரு ஆளால திறக்க முடியுதான்னு பாருங்க, வெளியில பூட்டுப் போடாதீங்க.

ஆலையில தெரியும், வீட்டுல தெரியாது

எங்க ஊர்ல எனக்கு வேடிக்கையாத் தெரியுற விஷயம் இது. இந்தப் பட்டையில வேலை பாக்குற யாரைக் கேட்டாலும் டிபிஎம்னு சொல்லுவாங்க. உற்பத்தி செய்யுறவங்களே மெஷினையும் பராமரிக்கிற முறை. ஜப்பான்ல நிப்பான்டென்சோ கம்பெனி 1971-ல இதுக்காகப் பரிசு வாங்கினதிலருந்து உலகம் முழுக்கப் பரவினது. அதோட அடிப்படை ரொம்ப எளிமை. சுத்தம் பண்ணு, எண்ணெய் போடு, இறுக்கு, பாரு. ஷிப்ட் ஆரம்பத்துல மெஷின்ல தொங்குற அட்டையில டிக் அடிக்கிறாங்க. "துடைக்கிறதே சோதிக்கிறதுதான்"னு சூப்பர்வைசர் சொல்லிச் சொல்லி மனப்பாடமே ஆகியிருக்கும். துடைக்கும்போதுதான் விரிசல் கண்ணுல படும்.

அதே ஆள் வீட்டுக்கு வர்றார். வாசல்ல பத்து வருஷமா ஒருத்தரும் தொடாத ஷட்டர். அவருக்குத் தெரியாம இல்ல. ஆலையில அட்டை தொங்குது, இங்க தொங்கல, அவ்வளவுதான். அதனால ஒரு அட்டை தொங்க விடுங்களேன். ஷட்டர் உள்பக்கத்துல சாக்பீஸால தேதி எழுதி வெச்சாலும் போதும். வருஷத்துக்கு ரெண்டு தடவை. ஒண்ணு ஐப்பசி மழைக்கு முன்னாடி, துருவுக்காக. இன்னொண்ணு தைக்கு அப்புறம், ஈரமும் சேறும் காய்ஞ்ச பிறகு. ஆயுத பூஜைக்கு எப்படியும் ஷட்டருக்குச் சந்தனம் குங்குமம் வைக்கிறோம். அன்னிக்கே கைடையும் துடைச்சா முதல் தடவைக் கணக்கு முடிஞ்சது.

நீங்க கேட்ட ரெண்டு கேள்வி

ஒருத்தர் கேட்டிருந்தாங்க: அபார்ட்மெண்ட்ல மாடுலர் கிச்சன்ல மிக்ஸி வைக்கிற இடத்துக்கு ஒரு குட்டி ரோலர் ஷட்டர் இருக்கு, பிளாஸ்டிக், அது கத்துது. இதே வைத்தியமா? பாதிதான். அங்க எதிரி புழுதி இல்ல, தாளிக்கும்போது பறக்கிற எண்ணெய்ப் பிசுக்கு. வெந்நீர்ல ரெண்டு சொட்டு பாத்திரம் கழுவுற திரவம், ஒரு பழைய பல் துலக்கி, அது போதும். மண்ணெண்ணெய், டர்பன்டைன் பிளாஸ்டிக் பக்கமே போகக் கூடாது. காய்ஞ்சதும் மெழுகு.

இன்னொருத்தர்: மோட்டார் ஷட்டர், ரிமோட்ல ஓடுது, சமீபமா சத்தம். இதுல கவனம் அதிகம் வேணும். கையால தூக்கினா ஷட்டர் கனமானது உங்க தோளுக்குத் தெரிஞ்சிடும். மோட்டார் சொல்லாது, சூடாகிட்டே இழுக்கும். பவரை அணைச்சிட்டு கைடைச் சுத்தம் பண்ணுங்க, மோட்டாரைத் திறக்காதீங்க. கரண்ட் போனா கையால திறக்கிற வழி வேலை செய்யுதான்னு அப்பவே ஒரு தடவை பாத்துடுங்க.

அவ்வளவுதான் மக்களே. ஸ்பிரிங் சோதனை, சுத்தம், மெழுகு. மூணும் பண்ணினதும் மேல ரூம்ல இருக்கிற தம்பிகிட்ட ஒரு வார்த்தை கேளுங்க, "இப்ப தூங்க முடியுதாப்பா?"ன்னு. சரியாச்சா இல்லையான்னு அவர்தான் சொல்லணும்.

உங்க வீட்டு ஷட்டர் என்ன ராகத்துல கத்துதுன்னு பதிவு பண்ணி அனுப்புங்க, அடுத்த வாரம் கேட்டுப் பாத்துச் சொல்றேன்.